வருஷம் எத்தனை மணிக்குப் பிறக்கிறது?

பங்குனி மாதத்தின் கடைசி வாரம் வந்துவிட்டால் நம் வீடுகளில் ஒரு கேள்வி தவறாமல் எழும். "வருஷம் எத்தனை மணிக்குப் பிறக்கிறது?" என்பதுதான் அது. மாமியார் பஞ்சாங்கத்தைப் புரட்டுவார். மருமகள் சுவரில் தொங்கும் தினசரிக் காலண்டரைப் பார்ப்பாள். ஒன்றில் ஒரு நேரம் இருக்கும். மற்றொன்றில் வேறு நேரம் இருக்கும்.

"உங்கள் பஞ்சாங்கம் பழைய கணக்கு, அம்மா!"

"காலண்டர் அச்சடிக்கிறவனுக்கு என்ன தெரியும்? நாலு தலைமுறையாக இந்த வீட்டில் இந்தப் பஞ்சாங்கம்தான்!"

வீட்டுக்காரர் இந்த வழக்கில் தீர்ப்புச் சொல்லத் துணியாமல், வேப்பம்பூ வாங்கி வருகிறேன் என்று கடைத்தெருப் பக்கம் நழுவி விடுவார்.

உண்மையில் இது அழகான கேள்வி. ஜனவரி முதல் தேதியைப் பற்றி யாராவது இப்படிக் கேட்கிறார்களா? கடிகாரம் இரவு பன்னிரண்டு அடித்தால் இங்கிலீஷ் வருஷம் பிறந்துவிட்டது. அந்த நிமிஷத்தில் ஆகாயத்தில் புதிதாக ஒன்றும் நடப்பதில்லை. மனிதர்கள் கூடித் தீர்மானித்த நேரம் அது. நம்முடைய சித்திரை அப்படி அல்ல. வானத்தில் ஒரு காரியம் நடந்தால்தான் வருஷம் பிறக்கும். சூரியன் மீன ராசியைக் கடந்து மேஷ ராசியில் காலடி வைக்க வேண்டும். அதற்கு மேஷ சங்கிரமணம் என்று பெயர். அது நடுப்பகலிலும் நடக்கலாம், நள்ளிரவிலும் நடக்கலாம்.

சமீபத்து வருஷங்களையே பாருங்கள். 2023-ல் சூரியன் மேஷத்தில் நுழைந்தது ஏப்ரல் 14 பிற்பகல் சுமார் 3 மணிக்கு. 2024-ல் ஏப்ரல் 13 இரவு 9 மணியை ஒட்டி. 2025-ல் ஏப்ரல் 14 பின்னிரவு சுமார் மூன்றரை மணி. 2026-ல் அதே தேதி காலை சுமார் ஒன்பதரை. வருஷத்துக்கு ஆறு மணி நேரம் தள்ளிக்கொண்டே போவது தெரிகிறது அல்லவா? சூரியன் ஒரு சுற்றுச் சுற்றி அதே நட்சத்திரப் புள்ளிக்கு வர 365 நாளும் 6 மணியும் 9 நிமிஷமும் சொச்சமும் ஆகிறது. அந்த ஆறு மணிதான் இந்தத் தள்ளாட்டத்துக்குக் காரணம். நான்கு வருஷத்துக்கு ஒரு முறை பிப்ரவரியில் ஒரு நாளைக் கூட்டி இங்கிலீஷ் காலண்டர் அதைச் சரிக்கட்டிக் கொள்கிறது.

சூரிய அஸ்தமனத்துக்கு முன்னால் சங்கிரமணம் நடந்தால் அன்றைக்கே மாதப் பிறப்பு. அஸ்தமனத்துக்குப் பின் நடந்தால் மறுநாள். இது தமிழ்நாட்டுச் சட்டம். மலையாளத்தில் வேறு சட்டம். பகல் பொழுதில் ஐந்தில் மூன்று பங்கு, அதாவது சுமார் 18 நாழிகை, கழிவதற்கு முன் நடந்தால்தான் அன்று, இல்லாவிட்டால் மறுநாள். அதனால்தான் 2023-ல் நாம் ஏப்ரல் 14 அன்று பச்சடி சாப்பிட, செங்கோட்டைக்கு அப்பால் இருந்தவர்கள் 15-ஆம் தேதி விஷுக்கனி கண்டார்கள். சூரியன் ஒன்றுதான், சட்டம்தான் இரண்டு.

இனி மாமியார் மருமகள் வழக்கு. நம் ஊரில் வாக்கியப் பஞ்சாங்கம், திருக்கணிதப் பஞ்சாங்கம் என்று இரண்டு உண்டு. கிரகங்களின் நடையைச் சிறு சிறு வாக்கியங்களாக அமைத்து, அவற்றை மனப்பாடம் செய்து, காகிதமும் தொலைநோக்கியும் இல்லாமலே கணக்குப் போட்டார்கள் நம் முன்னோர்கள். அது வாக்கியம். அந்தக் கணக்கில் ஒரு வருஷம் உள்ளதைக் காட்டிலும் மூன்று நிமிஷத்துக்கு மேல் நீளம். நூற்றுக்கணக்கான வருஷங்கள் ஓடினால் மூன்று நிமிஷம் என்ன ஆகும்? சிறுவாட்டுக் காசு சேர்த்த அனுபவம் உள்ளவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. வானத்தை நேரில் பார்த்து அந்தக் கணக்கைத் திருத்தியது திருக்கணிதம். சென்னை நட்சத்திர சாலையில் வேலை பார்த்த சிந்தாமணி ரகுநாதாசாரி என்பவர் பத்தொன்பதாம் நூற்றாண்டில் இதற்காக வெகுவாகப் பாடுபட்டார். 1867-ல் ஒளி மாறும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டறிந்த கெட்டிக்காரர் அவர். பஞ்சாங்கத்தில் எழுதியிருப்பதும் ஆகாயத்தில் தெரிவதும் ஒன்றாக இருக்க வேண்டும் என்பதே அவருடைய கட்சி. ஆகவே மாமியாரிடம் இருப்பது பாரம்பரியம். மருமகளிடம் இருப்பது திருத்தம். இருவரும் பார்ப்பது ஒரே சூரியனைத்தான் என்பதால் சமாதானமாகப் போய்விடலாம்.

இந்தச் சங்கிரமணத்துக்குக் காத்திருப்பவர்கள் நாம் மட்டுமல்ல. இலங்கையில் தமிழரும் சிங்களவரும் இதே நாளைத்தான் புத்தாண்டாகக் கொண்டாடுகிறார்கள். அங்குள்ள தமிழ் வீடுகளில் வருஷம் பிறக்கும் நேரத்தை ஒட்டிய சில மணிகளுக்கு விஷு புண்ணிய காலம் என்று பெயர். மூலிகைகள் இட்டுக் காய்ச்சிய மருத்துநீரைத் தலையில் வைத்து ஸ்நானம் செய்வார்கள். பெரியவர்கள் கையால் பணம் வாங்கிக் கொள்வது கைவிசேஷம். பஞ்சாபில் இதே நாள் வைசாகி. தாய்லாந்தில் ஏப்ரல் 13 முதல் தெருவெல்லாம் தண்ணீரை வாரி இறைத்துக்கொள்ளும் பண்டிகைக்குச் 'சொங்க்ரான்' என்று பெயர். நம்முடைய 'சங்கிராந்தி'தான் கடல் கடந்து போய் அப்படி உருமாறியிருக்கிறது!

திருநெல்வேலிச் சீமையில் புத்தாண்டு என்று சொல்பவர்களைவிடச் 'சித்திரை விசு' என்று சொல்பவர்கள் அதிகம். முதல் நாள் இரவே பழங்கள், பூ, கண்ணாடி, நகை எல்லாவற்றையும் தட்டில் அடுக்கி வைத்துக் காலையில் கனி காண்பார்கள். பாபநாசத்தில் தாமிரபரணிக்கரை ஜனங்களால் நிரம்பி வழியும். அந்த 'விசு' என்ற சொல்லைச் சற்று நிறுத்திப் பாருங்கள். விஷு, விஷுவம் என்றால் வடமொழியில் சமம் என்று பொருள். பகலும் இரவும் சமமாக இருக்கும் நாள் எதுவோ அதுவே விஷு.

இங்கேதான் ஒரு சிக்கல் இருக்கிறது. சித்திரை முதல் தேதியன்று பகலும் இரவும் சமமாக இல்லை! சங்கரன்கோவிலில் அன்றைய பகல் பன்னிரண்டு மணிக்கு மேல் சுமார் இருபது நிமிஷம் நீளம். பின்னே ஏன் விசு என்கிறோம்?

விடை சங்கரன்கோவிலிலேயே இருக்கிறது.

கைத்தறிக்கும் பூச்சந்தைக்கும் பெயர் போன இந்த ஊர், 2019 முதல் தென்காசி மாவட்டத்தைச் சேர்ந்தது. உக்கிர பாண்டியன் கட்டியதாகச் சொல்லப்படும் கோயில் நடு ஊரில் இருக்கிறது. ஒரு பக்கம் சங்கரலிங்க சுவாமி; ஒரு பக்கம் கோமதி அம்பாள்; இருவருக்கும் நடுவே வலப்பாதி சிவனும் இடப்பாதி திருமாலுமாகச் சங்கரநாராயணர். வருகிறவர்கள் நெற்றியில் இட்டுக்கொள்ளவும் வீட்டுக்கு எடுத்துச் செல்லவும் புற்றுமண்தான் பிரசாதம். மார்ச் மாதத்திலும் செப்டம்பர் மாதத்திலும் 21-ஆம் தேதியை ஒட்டிச் சில நாட்கள் காலைச் சூரியனின் கதிர்கள் வாசல்களையெல்லாம் தாண்டி உள்ளே சென்று மூலஸ்தானத்து லிங்கத்தின் மேல் விழும். அதைத் தரிசிக்க ஜனங்கள் காத்து நிற்பார்கள்.

ஏன் அந்த நாட்கள்? சூரியன் தினமும் கிழக்கே உதிக்கிறது என்று பள்ளிக்கூடத்தில் படிக்கிறோம். சரியாக, அச்சுக் கிழக்கில் உதிப்பது வருஷத்தில் இரண்டே நாட்கள்தான். மற்ற நாட்களில் கொஞ்சம் வடக்கே ஒதுங்கியோ தெற்கே ஒதுங்கியோ உதிக்கும். அந்த இரண்டு நாட்களில்தான் பகலும் இரவும் சமம். ஆகவே உண்மையான விஷு மார்ச் 20 அல்லது 21-ல் வந்து, லிங்கத்தைத் தொட்டுவிட்டுப் போய்விடுகிறது. சித்திரை விசு அதற்கு 24 நாள் கழித்து வருகிறது. கல்யாணப் பெண் முகூர்த்தத்துக்கு வந்து போன பிறகு, மூன்று வாரம் கழித்து மேளக்காரர் வந்து சேர்ந்த கதைதான்!

கோயில் பிராகாரத்தில் புற்றுமண்ணை இலையில் பொட்டலம் கட்டிக்கொண்டிருந்த ஓர் ஆச்சியிடம் இந்த வித்தியாசத்தைச் சொல்லிப் பார்த்தேன்.

"அப்ப நாங்க கும்பிடுத விசு தப்புங்கியளா, தம்பி?" என்றார்.

"தப்பு இல்லை, ஆச்சி. பேரு பழைய இடத்திலேயே நிற்கிறது. சூரியன் நகர்ந்து போச்சு."

"சூரியன் நகராம உக்காந்தா உலகம் என்னத்துக்கு ஆகும்?" என்று சொல்லிவிட்டு ஆச்சி தம் வேலையைப் பார்க்கப் போய்விட்டார்.

ஆச்சி சொன்னதில் சாஸ்திரம் இருக்கிறது. குழந்தைகள் பம்பரம் விடுவதைப் பார்த்திருப்பீர்கள். வேகமாகச் சுழலும்போதே பம்பரம் மெல்லத் தலையை ஆட்டும். நம் பூமியும் அப்படித்தான். தன்னைத் தானே சுற்றிக்கொண்டே மிக மிக நிதானமாகத் தலையை ஆட்டுகிறது. ஓர் ஆட்டம் முழுதாக முடிய ஏறக்குறைய 25,800 வருஷம் ஆகும். இதன் விளைவாகப் பகலும் இரவும் சமமாகும் புள்ளி நட்சத்திரங்களுக்கு நடுவே கொஞ்சம் கொஞ்சமாகப் பின்வாங்குகிறது. 72 வருஷத்துக்கு ஒரு பாகை. நாள் கணக்கில் சொன்னால் ஏறக்குறைய ஒரு நாள். ஒரு பாட்டியின் ஆயுளில் ஒரு நாள்! அதனால்தான் எந்தப் பாட்டியும் இதைக் கவனிப்பதில்லை. எந்தப் பேத்தியும் கேட்பதில்லை.

ஆனால் சிலர் கவனித்தார்கள். ஆறாம் நூற்றாண்டில் வாழ்ந்த வராகமிகிரர், சூரியன் வடக்கே போய்த் திரும்பும் இடம் முன் காலத்தில் ஆயில்ய நட்சத்திரத்தின் பாதியில் இருந்தது, தம் காலத்தில் கடக ராசியின் தொடக்கத்தில் இருக்கிறது என்று எழுதி வைத்தார். நம் சர்க்கார் பஞ்சாங்கம் கொள்ளும் கணக்குப்படி மேஷப் பிறப்பும் சம இரவு நாளும் ஒன்றாக இருந்தது சுமார் கி.பி. 285-ல். அன்று விசு என்றால் விசுதான். அதன் பிறகு பெயர் அப்படியே நின்றுவிட்டது. நாள் நழுவிக்கொண்டே வந்தது.

நழுவுவதை நம் சரித்திரத்திலேயே காணலாம். குரு கோவிந்த சிங் கால்சா அமைப்பைத் தோற்றுவித்தது 1699-ஆம் வருஷத்து வைசாகியன்று. அது அன்றைய பழைய இங்கிலீஷ் கணக்கில் மார்ச் 30. இன்றைய கணக்குக்கு மாற்றினால் ஏப்ரல் 9. ஜாலியன்வாலாபாக் படுகொலை நடந்த 1919-ஆம் வருஷத்து வைசாகி ஏப்ரல் 13. இப்போது அது ஏப்ரல் 14-லும் வருகிறது.

"நழுவினால் நழுவட்டுமே, நமக்கு என்ன?" என்று கேட்பீர்கள். நமக்குத்தான் சகோதரிகளே, குறிப்பாகச் சமையலறைக்குத்தான்!

சித்திரைப் பிறப்புக்கு நாம் என்ன செய்கிறோம்? மாங்காய், வெல்லம், வேப்பம்பூ போட்டுப் பச்சடி. அந்த நாளில் மாங்காய் காய்க்கிறது, வேம்பு பூக்கிறது. அதனால்தான் அந்தப் பச்சடி. மாமரமும் வேப்பமரமும் பஞ்சாங்கம் பார்ப்பதில்லை. அவை வெயிலையும் மழையையும் பார்க்கின்றன. பருவம் மார்ச் 21-ஓடு கட்டுண்டு நிற்கிறது. நம் வருஷப் பிறப்போ நட்சத்திரத்தோடு போகிறது. இன்னும் இரண்டாயிரம் வருஷம் இப்படியே போனால் சித்திரை முதல் தேதி மே மாதத்தின் நடுப்பகுதியில் வந்து நிற்கும். அந்தக் காலத்து மருமகள் வேப்பம்பூவுக்கு மரத்தைப் பார்த்தால் பழம் தொங்கிக்கொண்டிருக்கும்! மாங்காய்ப் பச்சடிக்குப் பதில் மாம்பழப் பச்சடிதான்.

சுதந்திரம் வந்த பிறகு சர்க்காரும் இதைப் பற்றி யோசித்தது. நாடெங்கும் பல பஞ்சாங்கங்கள் பலவிதமாகப் பேசியதால், 1952-ல் விஞ்ஞானி மேகநாத் சாஹாவின் தலைமையில் ஒரு கமிட்டி அமைத்தார்கள். 1955-ல் அறிக்கை வந்தது. அதன்படி 1957 மார்ச் 22 முதல் இந்தியாவின் தேசியக் காலண்டர் நடைமுறைக்கு வந்தது. அதில் வருஷப் பிறப்பு மார்ச் 22. லீப் வருஷமானால் மார்ச் 21. அதாவது சங்கரன்கோவில் லிங்கத்தின் மேல் வெயில் விழும் நாட்கள்! ஈரானில் நவ்ரோஸ் பண்டிகையும் இதே சம இரவுக் கணத்தில்தான் பிறக்கிறது. நம் சர்க்கார் கெஜட்டில் இன்றும் அந்தச் சக வருஷத் தேதி அச்சாகிறது. ஆனால் மார்ச் 22 அன்று எந்த வீட்டிலாவது பாயசம் வைத்தார்களா? இல்லை. கமிட்டியும் பண்டிகைகளை ஒரேயடியாக நகர்த்திவிடத் துணியவில்லை. அவற்றுக்கு நட்சத்திரக் கணக்கையே வைத்துக்கொள்ளச் சொல்லிவிட்டது.

தமிழ்நாட்டிலும் தேதியைப் பற்றி ஒரு வாதம் நடந்தது. தை முதல் நாளே தமிழ்ப் புத்தாண்டு என்று 2008-ல் சட்டம் செய்தார்கள். 2011-ல் அந்தச் சட்டத்தை நீக்கினார்கள். அந்த வாதத்துக்குள் நான் நுழையப் போவதில்லை. ஒன்று மட்டும் சொல்லலாம்: தை முதல் தேதியும் இதே போல் நழுவிய நாள்தான். சூரியன் வடக்கு நோக்கித் திரும்புவது டிசம்பர் 21 அல்லது 22-ல். பொங்கல் வருவது அதற்குச் சுமார் 24 நாள் கழித்து. இரண்டு பண்டிகைகளும் ஒரே வண்டியில் போகின்றன.

சரி, எதை விடுவது, எதைப் பிடித்துக்கொள்வது? பருவமா, நட்சத்திரமா?

சங்கரன்கோவில் கதையில் சங்கன், பதுமன் என்று இரண்டு நாக அரசர்கள் வருகிறார்கள். ஒருவன் சிவன்தான் பெரியவர் என்கிறான். மற்றவன் திருமால்தான் என்கிறான். வழக்குத் தீரவில்லை; அம்பாளிடம் போனார்கள். அம்பாள் யார் பக்கமும் தீர்ப்புச் சொல்லவில்லை. தவம் இருந்தாள். ஆடி மாதம் உத்திராட நட்சத்திரத்தில் இறைவன் பாதி சங்கரனாகவும் பாதி நாராயணனாகவும் ஒரே உருவில் தரிசனம் தந்தார். அதுதான் ஆடித்தபசு.

நம் காலக்கணக்கும் எனக்கு அப்படித்தான் படுகிறது. பருவத்துக்கு ஒரு சூரியன், நட்சத்திரத்துக்கு ஒரு சூரியன் என்று இரண்டு கிடையாது. ஒரே சூரியனின் இரண்டு பாதிகள் இவை. சித்திரையை மார்ச் மாதத்துக்கு இழுக்கவும் வேண்டாம். இழுக்கச் சொன்னவர்களை ஏசவும் வேண்டாம். ஆனால் ஒன்று செய்யலாம். கனித்தட்டையும் கண்ணாடியையும் காட்டும் குழந்தைகளுக்கு, இத்தனைக்கும் காரணமான ஆகாயத்தையும் ஒரு முறை காட்டலாம். வருஷப் பிறப்பன்று காலை முதல் இரவு வரை எல்லோரும் பஞ்சாங்கத்தைப் பார்க்கிறோம், கடிகாரத்தைப் பார்க்கிறோம். அண்ணாந்து பார்ப்பவர் எத்தனை பேர்?

அதற்குச் சங்கரன்கோவில்காரர்களுக்கு ஒரு விசேஷப் பாக்கியம் உண்டு. சூரியன் மார்ச் 21-க்குப் பிறகு நாளுக்கு நாள் வடக்கே நகர்ந்து வரும்போது, ஒவ்வோர் ஊருக்கும் ஒரு நாள் நண்பகலில் நேர் உச்சிக்கு வரும். அன்று செங்குத்தாக நிற்கும் பொருளுக்கு நிழலே விழாது. கன்னியாகுமரிக்கு அது ஏப்ரல் 10-ஐ ஒட்டி. மதுரைக்கு 15 அல்லது 16. திருச்சிக்கு 18-ஐ ஒட்டி. சென்னைக்கு 24-ஐ ஒட்டி. சங்கரன்கோவிலுக்கோ ஏப்ரல் 13 அல்லது 14! இந்த நூற்றாண்டில் வருஷப் பிறப்பும் நிழலில்லாத நண்பகலும் இந்த ஊரில் கைகோத்துக்கொண்டு வருகின்றன.

பகல் 12 மணி 20 நிமிஷத்தை ஒட்டி மொட்டை மாடிக்குப் போங்கள். சமதளமான இடத்தில் உயரமான டம்ளர் ஒன்றைக் கவிழ்த்து வையுங்கள். எந்தப் பக்கமும் நீளாமல் நிழல் டம்ளருக்கு அடியிலேயே ஒளிந்துகொள்ளும். நிழல் பார்ப்பதற்காக நட்ட கோலுக்குப் பழைய வான நூல்களில் 'சங்கு' என்று பெயர். பெரிய பெரிய ஜோதிஷர்கள் அந்த ஒரு கோலை வைத்துக்கொண்டுதான் காலத்தை அளந்தார்கள். மற்ற ஊர்க்காரர்கள் தங்கள் ஊருக்குரிய நாளில் இதைச் செய்து பார்க்கலாம். சூரியனை மட்டும் வெறும் கண்ணால் பார்க்க விடாதீர்கள். நிழலைப் பார்த்தால் போதும்.

இது பருவத்தின் பாதி. மற்றப் பாதி இரவில் இருக்கிறது. வருஷப் பிறப்பன்று இரவு எட்டரை மணி சுமாருக்குக் கிழக்கே பாருங்கள். அந்தத் திசையில் இரண்டு பிரகாசமான நட்சத்திரங்கள் தெரியும். இடப் பக்கம், வடக்கே ஒதுங்கிச் சற்றுச் செம்மையாக இருப்பது சுவாதி. வலப் பக்கம், தெற்கே ஒதுங்கி வெள்ளையாக மின்னுவதுதான் சித்திரை. சூரியன் மேஷத்தின் வாசலில் நிற்கும்போது சித்திரை நட்சத்திரம் வானத்தின் எதிர்ப்புறத்தில் நிற்கும். மேற்கே அவன் மறைய, கிழக்கே இவள் எழுவாள். நள்ளிரவில் வானத்தின் உயரத்தில் இருப்பாள். இந்த மாதத்துப் பௌர்ணமிச் சந்திரன் இவள் அருகே வந்து நிற்பதால்தான் மாதத்துக்கே சித்திரை என்று பெயர்.

பகலில் ஒரு டம்ளர், இரவில் ஒரு நட்சத்திரம். செலவு ஒன்றும் இல்லை. அடுத்த வருஷப் பிறப்புக்குப் பச்சடி தயாராகிக்கொண்டிருக்கும்போது, "வருஷம் எத்தனை மணிக்குப் பிறக்கிறது, பாட்டி?" என்று குழந்தை கேட்டால், நேரத்தைச் சொல்லிவிட்டு, "மத்தியானம் மாடிக்கு வா, காட்டுகிறேன்" என்றும் சேர்த்துச் சொல்லுங்கள்.